தாளம்

பாயான் லெப்பாஸில் இரவு ஷிஃப்ட்.
பன்னிரண்டு மணி நேரம்
வெள்ளை அங்கிக்குள் இருப்பேன்.
முடி உள்ளே, மார்பு உள்ளே, வாய் உள்ளே,
கண்கள் மட்டும் வெளியே.
சில்லின் மேல் தூசு விழக் கூடாதாம்.
ஆணா பெண்ணா தெரியாத அறை.
கண்ணாடிக்கு அப்பால் நின்று பார்த்தால்
ஏதோ மடம் என்பீர்கள்.
சூப்பர்வைசர் ஹலீமாவை
நடையை வைத்துத்தான் கண்டுபிடிப்பேன்.

விடிந்ததும் பஸ்.
சுங்கை ஆராவில் இறங்கினால்
டயர் கடைக்குப் பின்னால் சின்ன சிவன் கோயில்.
ஓதுவார் திருமேனிநாதன்
இரண்டு வருஷப் பெர்மிட்டில் வந்தவர்.
காலைதோறும் பாடுவார்:
வளை கழன்றதென்று,
இடை இளைத்ததென்று,
அவன் போன தெருவிலேயே
நாணமும் போயிற்றென்று,
தோழியிடம் சொல்கிற மாதிரி.
ஆயிரம் வருஷத்துக்கு முன்னால் எழுதியவர் ஆண்.
பாடுகிறவருக்கு அடர்ந்த மீசை.
கேட்கிற டத்தோ கண்ணைத் துடைத்துக்கொள்கிறார்.
யாரும் ஒன்றும் சொல்வதில்லை.

பிராகாரத்தில் அடியார் வரிசை.
நிற்பவர்களுக்கு நடுவே ஒருத்தி மட்டும் உட்கார்ந்திருக்கிறாள்.
விலாவை எண்ணலாம்.
அழகைத் திருப்பி எடுத்துக்கொள் என்று
அவளே கேட்டாளாம்.
அவள் மார்பு தெரியாமல்
குருக்கள் பட்டுத் துண்டு சுற்றியிருக்கிறார்.
வெட்கம் அவருக்கு.
அவர்களுக்கு வளையல் கூடியது
இவளுக்குச் சதை போனது
இரண்டுக்கும் ஒரே பெயர், பக்தி.
கணக்கு எங்கோ இடிக்கிறது.
யாரிடம் கேட்பது?

ஒரு ஐப்பசி மழையில் நானும் அவரும் மட்டும்.
பையில் கட்டிய கோப்பியை நீட்டிக் கேட்டேன்:
"ஐயா, பாட்டில் நான் நான் என்று வருகிறதே,
அப்போது நீங்கள் யார்?"
பையின் கயிற்றை விரலில் சுற்றிக்கொண்டே இருந்தார்.
"பத்து வயசில், பாடசாலையில்,
இந்தப் பதிகம் வந்தால் கை தானாக எழும்.
தோழியைக் கூப்பிடுகிற கை.
வாத்தியார் பிரம்பை எடுத்தார்.
பாட்டு பொம்பளையா இருக்கலாம்டா,
கை இருக்கக் கூடாது என்றார்.
அப்புறம்தான்
இரண்டு கையிலும் தாளத்தைக் கொடுத்தார்."

மழை விட்டதா என்று எட்டிப் பார்த்தார்.
விடவில்லை.

அதற்குப் பிறகு நான் பாட்டைக் கேட்பதில்லை.
கையைப் பார்க்கிறேன்.
முட்டி வெளுக்கப் பிடித்திருப்பார்.
தோழீ என்று இழுக்கிற இடத்தில்
சுண்டு விரல் மட்டும்
தப்பித்து எழும்.

வெள்ளிக்கிழமை அர்ச்சனை.
"பேரு?"
"சண்பகவடிவு, திருவாதிரை."
"வீட்டுக்காரர்?"
வாரா வாரம் கேட்பார்.
வாரா வாரம் இல்லை என்பேன்.
அன்று வாய் தவறிச் சொல்லவில்லை:
"எழிற்கொடி, உத்திரட்டாதி."
"தங்கச்சியா?"

ரெலாவ் ஃபிளாட், ஒன்பதாவது மாடி,
பதினொரு வருஷம், ஒரே சாவி.
நான் வரும்வரை
விளக்கை அணைக்காமல் தூங்குகிறவள்.
அவள் கட்டில் எது என்று
என் அண்ணன் இதுவரை கேட்டதில்லை.
கேட்காமல் இருக்கத் தெரிந்தவன்.

"சேர்த்துப் போடுங்க சாமி."

பின்னால் தாளம் ஒரு தட்டு தவறியது.
நான் திரும்பவில்லை.
விட்ட இடத்திலிருந்து பாட்டு தொடர்ந்தது,
கொஞ்சம் மெதுவாய்.

தட்டில் இன்னும் ஆறு சீட்டு.
குருக்கள் அவசரத்தில்
இரண்டு பெயரையும்
ஒரே மூச்சில் சொன்னார்.