கழற்றாத பின்

இரண்டு தாள். மூலையில் ஒரு பின்.
கழற்றினால் செல்லாது என்பதை
நான்கு மொழியில் சொல்லத் தெரியும் எனக்கு.

பூந்தா அரேனாஸில் அன்று
கார்க் கதவைப் பிய்த்தெறியும் காற்று.
நெவென்கா த்ருதானிச் உள்ளே வந்து
கோட்டுக்குள்ளிருந்து உறையை எடுத்தார்,
ஆறிவிடக் கூடாத ரொட்டியை எடுப்பதுபோல.

முதல் தாள் பிறப்புப் பதிவேட்டின் நகல்.
பிராச் தீவு. ஆயிரத்துத் தொள்ளாயிரத்துப் பத்தொன்பது, மார்ச் மூன்று.
யெர்கோ. ஆண். தகப்பன் கல்லுடைப்பவன்.
கீழே இன்றைய பதிவாளரின் கையொப்பம்,
அவசரத்தில் வால் நீண்ட கையொப்பம்.

இரண்டாவது, அப்போஸ்தில்.
சதுரக் கட்டம், பத்து வரி, நீல வட்டம்.
பதிவாளரின் கை பதிவாளரின் கைதான்
என்கிறது ஸ்பிளிட் நகரத்துக் கோர்ட்.
அவ்வளவுதான் என்கிறது.
எழுதியது மெய்யா என்று அதனிடம் கேட்கக் கூடாது.
முத்திரைக்குக் கை தெரியும்.
கை என்ன சொன்னது, தெரியாது.

மூன்றாவது தாள் நான் எழுத வேண்டியது,
சத்தியம் செய்த மொழிபெயர்ப்பாளர்,
பதிவு எண் நூற்றுப் பதினெட்டு.
என் கைக்கு நோட்டரி சாட்சி,
நோட்டரியின் கைக்கு மேலே இன்னொரு கை.
கைக்குக் கை போய்க்கொண்டே இருக்கும்.
ஆள் எங்கே என்று நடுவில் யாரும் கேட்பதில்லை.

நீதிபதி மட்டும் கேட்கிறார்:
கம்பளிக் கிடங்கையும் தகரக் கூரை வீட்டையும்
விட்டுச் செத்த ஹெரோனிமோவும்
இந்த யெர்கோவும் ஒரே ஆளா?
இல்லை என்கிறான் அத்தை மகன்.
அதைச் சொல்வதற்கென்றே
சாந்தியாகோவிலிருந்து ஒரு வக்கீல்.

ஓரத்தில் பார்த்தேன்.
சாய்ந்த எழுத்து, வேறு பேனா:
ஒன்பதாம் நாள் இறந்தது.

நெவென்காவின் வக்கீல் போனில் சிரித்தார்.
நடுவில் இருப்பதுதானே பதிவு,
ஓரம் ஓரம்தானே என்றார்.
மாட்டேன் என்றேன். நல்லவள் என்பதால் அல்ல.
ஓரத்தை விட்டால் என் நூற்றுப் பதினெட்டு போய்விடும்.

செத்த பிள்ளையின் பெயரை
அடுத்த பிள்ளைக்கு வைத்திருப்பார்கள்.
கப்பலேறும் அவசரத்தில்
அண்ணனின் காகிதம் தம்பியின் கைக்கு வந்திருக்கும்;
வயது இரண்டு கூடினால் கூலியும் கூடும்.
இதெல்லாம் என் ஊகம்.
ஊகத்துக்கு அப்போஸ்தில் கிடையாது.

காகிதம் அசல். கையெழுத்து அசல். முத்திரை அசல்.
எழுபது வருஷம் யெர்கோ என்று கூப்பிட்டால்
திரும்பிப் பார்த்த மனிதர் மட்டும்
ஒன்பது நாளில் இறந்துபோயிருந்தார்.

நெவென்காவிடம் சொன்னேன்.
வீட்டைப் பற்றிக் கேட்பார் என்று
பதில் வைத்திருந்தேன். கேட்கவில்லை.
அந்த மொழியிலேயே படியுங்கள் என்றார்,
அவருக்கு அது மறந்து நாளாகிறது.
படித்தேன். மூன்றே சொல்.
இன்னொரு முறை என்றார்.
உதடு கூடவே அசைந்தது.

பிறகு ஒரு நகல் கேட்டார்.
கோர்ட்டுக்கு இல்லை. முத்திரை வேண்டாம். எனக்கு.

பின்னைக் கழற்றாமல்
தாளை மடக்கிக் கண்ணாடியில் வைத்தேன்.
மூலையில் கறுப்பாக ஒரு முக்கோணம் விழுந்தது,
அதற்கு ஒரு விரல் தள்ளி அந்த மூன்று சொல்.

எவ்வளவு என்றார்.
காசு வாங்கவில்லை.
ரசீதில் என்னவென்று எழுதுவது?