கைப்பிடி சுற்றியவன்

மூன்று நிமிடம் பன்னிரண்டு நொடிக்கு இசை வேண்டும்.
"செல்லோ போடு" என்றார் ஹாக்லி,
"செல்லோவுக்கு அழாதவர் யார்?"

தாம்பரே நகரம்.
ஆயிரத்துத் தொள்ளாயிரத்துப் பதினெட்டு, ஏப்ரல்.
தோற்ற பக்கத்து ஆட்கள்
நான்கு நான்கு பேராகச் சதுக்கத்தைக் கடக்கிறார்கள்.
பனி உருகிய சேறு. ஒருவனுக்கு ஒற்றைக் காலணி.
ஒலி கிடையாது.
வாய்கள் திறந்து மூடுகின்றன, பனிக்கட்டிக்கடியில் மீன்கள்போல.

முதலில் செல்லோவைத்தான் வைத்தேன்.
அவர்கள் சாவதற்கு முன்பே ஒப்பாரி தொடங்கிவிட்டது.
அழித்தேன்.
பிறகு பியானோ, ஓர் அடிக்கு ஒரு சுரம்.
இரண்டாம் நிமிடத்தில் தாளம் தப்பியது.
எண்ணிப் பார்த்தேன்; தப்பியது நானில்லை.
அங்கே எல்லோரும் சட்டென்று விரைகிறார்கள்,
படமும் வெளிறுகிறது
யாரோ பாலைக் கொட்டிவிட்டாற்போல.

"பழைய சுருள், ஆய்வகக் கோளாறு.
வெட்டிவிடலாம்" என்றார் ஹாக்லி தொலைபேசியில்.

கோளாறில்லை.
அந்தக் காலத்துக் கேமராவைக் கையால் சுற்ற வேண்டும்,
நொடிக்கு இரண்டு சுற்று,
காப்பிக்கொட்டை அரைக்கிற நிதானத்தில்.
கை தயங்கினால் வெளிச்சம் கூடுதலாய் நுழையும்,
திரையில் மனிதர்கள் ஓடுவார்கள்.
அவர்கள் விரையவில்லை.
அவன் கைதான் நின்று நின்று சுற்றியிருக்கிறது.

யாரைக் கண்டான்?
கட்டம் கட்டமாகத் தேடினேன்.
தொப்பிக்காரன். இருமுகிறவன்.
வெளிறிய இடத்தில், கால்சட்டை போட்ட ஒரு பெண்
கேமராவை நோக்கி லேசாகத் தலையசைக்கிறாள்.
தெரியும் என்றா, வேண்டாம் என்றா?
காப்பக அட்டையில் அவள் பெயர் இல்லை.
அவன் பெயரும் இல்லை.
"படம் எடுத்தவர்: அறியப்படவில்லை."

செல்லோக்காரருக்கு, வர வேண்டாமென்று சொல்லி அனுப்பினேன்.
தாழ்ந்த முரசு ஒன்று போதும், விரல்முட்டியால்.
அவன் சுற்றிய கணக்கில், நொடிக்கு இரண்டு;
வெளிறும் இடத்தில் ஒன்று,
பிறகு

ஒன்று.

ஒலிக்கலவையில் ஹாக்லி அதைத் தாழ்த்திவிட்டார்,
வர்ணனையாளர் புள்ளிவிவரம் சொல்ல வேண்டுமே.
வெட்டவில்லை, அதுவரை நல்லது.

செவ்வாய் இரவு ஒளிபரப்பு.
மறுநாள் மாடிப்படியில்
மேல்வீட்டு லெம்பி என்னை நிறுத்திச் சொன்னாள்:
"உன் படம் பார்த்தேன். நடுவில் என்னவோ தட்டியது.
வெந்நீர்க் குழாய்தானென்று
எழுந்து போய்
கை வைத்துப் பார்த்துவிட்டு வந்தேன்."