ஏழாவது அகப்பை

ஆறு அகப்பைத் தண்ணீர் எனக்குப் போதும்.
ஏழாவது இர்யாவுக்கு.

குஹ்மோவில் டிசம்பர் சனிக்கிழமை
மூன்று மணிக்கே இருட்டிவிடும்.
ஏரி தெரியாது. பனிக்கட்டி
விரிசல்விடும் சத்தம் மட்டும் வரும்.
சவுனா அடுப்பில் விறகு திணித்துக்
கல் காய்ந்ததும்
மேல் பலகையில் அவள் துண்டை விரிப்பேன்.
நீலக் கோடு, நைந்த ஓரம்.

சுவரோரம் அவள் இடம்.
சின்ன வயதில் ஒரே கட்டிலிலும் அப்படித்தான்,
அத்தை வீட்டுக்குப் போகும் பேருந்திலும்;
விழுவதெல்லாம் நானாகத்தான் இருந்தேன்.

"போதும்டி" என்பேன்.
"இன்னும் ஒண்ணு" என்று
சொல்லி முடிக்குமுன் ஊற்றிவிடுவாள்.
கல் சீறும். காது மடல் எரியும்.
திட்டிக்கொண்டே கீழ்ப் பலகைக்கு இறங்குவேன்.

இப்போது நானே ஊற்றுகிறேன்.
நானே திட்டுகிறேன், அதே வசவு.
ஆனால் இறங்குவதில்லை.
இருபது எண்ணும்வரை பல்லைக் கடித்திருப்பேன்.
அந்த வெக்கையில்
முகத்தில் வழிவது என்னவென்று
யாரும் கேட்பதில்லை.

இதை யாரிடமும் சொன்னதில்லை.
பாதிரியார் ஒரு கூட்டத்துக்கு அழைத்தார்,
வட்டமாக நாற்காலி, இழந்தவர்கள் பேசலாம்.
ஒருமுறை போனேன்.
காபி நன்றாக இருந்தது.

போன சனிக்கிழமை மறந்துவிட்டேன்.
குழாய் உறைந்த தொல்லை,
பக்கத்து வீட்டுக்காரரின் நாய்க் கதை.
ஆறு ஊற்றினேன், தலை துவட்டினேன்,
சாப்பிட்டேன், தூங்கியும்விட்டேன்.

மூன்று மணிக்கு விழிப்பு.
இரவு உடைமேல் கோட்டை மாட்டி
டார்ச்சோடு பனியில் ஓடினேன்.
கல்லில் கை வைத்தேன்; சூடு பொறுத்தது.
இருந்தும் ஊற்றினேன்.

சீறவில்லை.
தண்ணீர் கல்லுக்குக் கல்
வழி விசாரித்துக்கொண்டு இறங்கி
அடியில் சொட்டியது.

டார்ச்சை உயர்த்தினேன்.
மேல் பலகையில், சுவரோரம்,
நீலக் கோட்டுத் துண்டு.
நான்தான் விரித்திருக்க வேண்டும்.
எப்போது?

மடித்து வைக்க மனம் வரவில்லை.
உட்கார்ந்தேன், கீழ்ப் பலகையில்,
கால் மரத்துப்போகும்வரை.

திரும்பி வந்தபோது
தவுனோ கண் திறக்கவில்லை.
"ஊத்திட்டியா?" என்றார்.

எத்தனை வருடமாகத் தெரியும் என்று
நான் கேட்கவில்லை.
கட்டிலில் என்றுமில்லாமல்
சுவரோரம் எனக்கு இடம் விட்டிருந்தார்.