காலம் கடத்திய வழக்கு

தார்த்து நகரில், எமாயோகி ஆற்றங்கரையில்,
முன்பு மாவு ஆலையாக இருந்த கட்டடத்தில்
காலக்கலை ஒழுங்காற்று வாரியம்.
மூன்றாம் மாடி. மின்தூக்கி ஓடாது.
நான் அங்கே முத்திரை எழுத்தர்.

ஒருவர் ஓர் இலையை விழவிடாமல்
அந்தரத்தில் நிறுத்தினால்
எத்தனை நொடி செலவானது,
அந்த நொடி யாருடையது,
ரசீது உண்டா என்று கேட்போம்.
சொந்த நொடிக்குப் பச்சை மை.
வாங்கிய நொடிக்கு விற்றவர் கையெழுத்து, இரண்டு சாட்சி.
குழந்தைகளின் நொடிக்கு
விண்ணப்பிப்பதே குற்றம்.

சிரிக்காதீர்கள்.
விதிகள் வருமுன் பேர்னுவில் ஒருவன்
கல்யாண விருந்தில் பத்து நிமிடத்தை உருவிப்
படிகக் குவளை செய்தான்.
மணப்பெண்ணுக்கு இன்றுவரை
தான் சம்மதம் சொன்னது நினைவில்லை.
கேட்டால் புருஷன் முகத்தைப் பார்ப்பாள்.

போன பிப்ரவரியில் விர்வே கூசிக் வந்து நின்றாள்.
வயது அறுபத்திரண்டு. கம்பளிக் கையுறையில் ஓட்டை.
அவள் செய்தது மேசைமேல்:
கம்பு ரொட்டி அளவில் ஒரு கண்ணாடிப் பெட்டி.
உள்ளே பனி பெய்துகொண்டே இருந்தது.
தரையைத் தொட வரும், தயங்கும்,
மறுபடி மேலேயிருந்து புறப்படும்.
"இதைப் பார்த்தால் ஏனோ பசிக்கிறது"
என்றார் ஓர் உறுப்பினர்.

மானியை வைத்தோம். நாற்பத்தொரு மணி நேரம்.
அதில் ஒரு நொடிகூட அவளுடையதல்ல.

தலைவர் எண்டெல் ரூசார் வாசித்தார்:
குற்றம், காலம் கடத்தியது.
"யாரிடம் எடுத்தாய்?"
"இங்கேதான்.
செவ்வாய்க்கிழமைக் கூட்டங்களில்.
பார்வையாளர் நாற்காலிக்குக் கட்டணமில்லை,
அறையும் கதகதப்பாக இருக்கும்.
போன கூட்டத்தின் குறிப்பை நீங்கள் வாசிப்பீர்கள்.
பிறகு அதற்கு முந்தையதன் திருத்தத்தை.
அந்த நேரமெல்லாம்
சந்தை கலைந்தபின் கிடக்கும் முட்டைக்கோஸ் இலைபோல்
கேட்பாரற்றுக் கிடந்தது.
பொறுக்கிக்கொண்டேன்.
கடத்தியது நீங்கள் அல்லவா?"

நான் குறிப்பில் 'கடத்தியது' என்று எழுதி
பேனாவைத் தூக்கிவிட்டேன்.
யார் என்று எழுதவில்லை.

தைமி சாரெபூ சட்டப் புத்தகத்தைப் புரட்டினாள்.
பதினோராம் விதி:
இழந்தவர் இழப்பை உணர்ந்திருக்க வேண்டும்.
உணர்ந்தவர்கள் கை தூக்குங்கள்.
தலைவரின் கை பாதிவரை எழுந்து
காதைச் சொறிந்துவிட்டு இறங்கியது.

மேலும் இரண்டு மணி நேரம் விவாதித்தோம்.
அந்த இரண்டு மணி நேரமும்
அவள் கைகளை மேசைமேல் தெரியும்படி
வைத்திருக்கச் சொன்னோம்.
தீர்ப்பு அடுத்த செவ்வாய்.
பெட்டி என் அலமாரியில்.

எல்லாரும் போனபின் எடுத்துப் பார்த்தேன்.
எங்கள் ஜன்னல்தான் அது, சாப்பாட்டு நேரத்துக்கு முன்பு.
பனிக்குக் கீழே வளைவுப் பாலம், நகக்கண் நீளத்தில்.
பாலத்தின்மேல் ஒரு மஞ்சள் மேலங்கி,
கடுகைவிடச் சின்னது.
நிற்கிறது. நம் மாடியை அண்ணாந்து பார்க்கிறது.
கைக்கடிகாரத்தைப் பார்க்கிறது.
மறுபடி அண்ணாந்து.

லூலே வரவில்லை என்றுதான்
பதினாறு மாதமாக எல்லாரிடமும் சொல்லிவந்தேன்.
ஜன்னலிலிருந்து நான்கடி தள்ளி உட்கார்ந்து
நான் அப்போது
ஒரு காற்புள்ளியைத் திருத்திக்கொண்டிருந்திருப்பேன்.

செவ்வாய் வந்தது. தலைவர் மறுபடி கேட்டார்,
உணர்ந்தவர் யாராவது உண்டா.
ஒரு கை எழுந்தால் போதும்,
பெட்டியை உலையில் போட்டு உருக்கிவிடுவார்கள்,
பனி, பாலம், மஞ்சள், எல்லாம்.
என் கை மேசைக்கடியில் முழங்காலைப் பிடித்திருந்தது.

பிறகு முத்திரையை எடுத்தேன்.
பச்சை மை காய்ந்துபோயிருந்தது.
நாக்கில் ஒற்றி ஈரமாக்கிக் குத்தினேன்.

அன்று முழுக்க நாக்கு பச்சையாக இருந்தது.
ஒருவரும் கேட்கவில்லை.