ஆறு மணி நேரம்

துணியை விலக்குவார்.
கீழே ஒரு பெண், கழுத்தில் சிவப்புச் சாயம்.
குனிந்து மணிக்கட்டைத் தொடுவார்.
"செத்து ஆறு மணி நேரம் இருக்கும்"
என்று உதடு அசையும்.
சொல்வது நான்.

ரோம் நகரத்தில், நிலவறை ஒலிக்கூடத்தில்
வரிக்கு இவ்வளவு என்று கூலி பேசி
பதினேழு வருஷம்
ஓரெஸ்தே கால்வனேசேக்குத் தொண்டை கொடுத்தவன்.
நேரில் பார்த்ததில்லை.
தெரிந்ததெல்லாம் மேல்வரிசையில் ஒரு தங்கப்பல்,
வசனத்துக்கு முன் மூக்குக்கண்ணாடியை ஏற்றிவிடும் நடுவிரல்.
அது எழும்போது நான் மூச்சை இழுத்துக்கொள்வேன்.

கறுப்புக் கையுறைக்குள் கொலைகாரன்
படத்துக்குப் படம் வேறு ஆள்.
கதாநாயகிகள் மாறினார்கள்.
கத்தி போய்ச் சவரக்கத்தி வந்தது,
ஒருமுறை ஐஸ் உடைக்கும் ஊசி.
பிணம் பார்க்கும் டாக்டர் மட்டும் அவரே,
அதே பழுப்புக் கோட்டு.
சுவரொட்டியில் ஒரேயொரு தடவை பெயர் வந்தது,
எழுத்துப் பிழையோடு.

நவம்பர் மழை. பிரெனெஸ்தினா சாலை டிராமில்
ஒரு பெண்மணி சரிந்து விழுந்தாள்.
அவள் பையிலிருந்து முட்டைக்கோஸ்
இருக்கைகளுக்கு அடியில் உருண்டோடியது.
யாரோ கத்தினார்கள், "அதோ, டாக்டர்!"

தங்கப்பல்.
அவர் மறுக்கவில்லை. மண்டியிட்டார்.
நடுவிரல் எழுந்தது.
பழக்கதோஷம், மூச்சை இழுத்தேன்;
என் நாக்கில் தயாராக நின்றது அந்த ஆறு மணி நேரம்.

"உசுரு இருக்கு" என்றார்.
கீச்சுக்குரல். அப்பட்டமான தெற்கத்திக் கொச்சை.
"துடிக்குது பாரு.
எல்லாவளுக்கும் துடிக்கத்தான் செய்யுது."

யாருக்கும் விளங்கவில்லை.
அவள் எழுந்து உட்கார்ந்து கோஸைக் கேட்டாள்.
டாக்டர் தவழ்ந்துபோய் எடுத்துவந்து
கோட்டிலேயே துடைத்துக் கொடுத்தார்.
நான் யாரென்று சொல்லிக்கொள்ளவில்லை.
ஒரு நிறுத்தம் முன்னாலேயே இறங்கி நனைந்தேன்.

திங்கட்கிழமை, இருட்டறை, புதுப் பிணம்.
துணி விலகியது. விரல் எழுந்தது.
அரை நொடி பிந்திவிட்டேன்.
ஒலிப்பதிவாளர் கண்ணாடியைத் தட்டினார்.
மறுபடி. இன்னொரு தடவையும்.
பார்த்துக்கொண்டே இருந்தேன்:
அவள் மணிக்கட்டின் மேல் அவர் விரல்நுனி
மெல்ல ஏறியது, இறங்கியது.

நான்காவது சரியாக வந்ததாம்.
கூலியை எண்ணிவைத்துவிட்டுக் கணக்கர் கேட்டார்,
"ஜலதோஷமா?
குரல் ஒரு மாதிரி கீச்சென்று இருக்கிறதே."