இரண்டு எடை

லங்காப் சாலையில், செம்பனை ஆலையின் வாசலில்
எடைப்பாலத்துக் கண்ணாடிக் கூண்டு என்னுடையது.
இரவு ஷிப்டு. ஏழுக்கு ஏழு.

குலையோடு லாரி ஏறும்: ஓர் எண்.
கொட்டிவிட்டு வெறுமையாய் ஏறும்: இன்னோர் எண்.
ஒன்றில் ஒன்றைக் கழித்து
மிச்சத்துக்குத்தான் காசு.
ஒரே தடவை நிறுத்துவிட்டு
இந்தப் பாலத்தில் யாரும் எதையும் சொல்லிவிட முடியாது.

குழுவில் இரண்டாவதாய் வந்த நம் அணியை
உள்ளே என்றும் சொல்லாமல்
வெளியே என்றும் சொல்லாமல்
பிளே-ஆஃப் பக்கம் கைகாட்டி விட்டார்கள்.
அங்கே ஓர் ஆட்டம். இங்கே ஓர் ஆட்டம்.
இரண்டுக்கும் சேர்த்து ஒரே சீட்டு.
ஆலையில் அது முதலில் புரிந்தது எனக்குத்தான்.

பாய்லர் பக்கத்து ரஃபீகுல் கேட்டான்,
"அவங்க ஊர்லயே ஒண்ணுக்கு சைபர் ஜெயிச்சாச்சே காக்,
அப்புறம் எதுக்கு இன்னொண்ணு?"
"லாரி இன்னும் வெளியே போகலப்பா."

கேசவமூர்த்தி குலை ஏற்றுபவன்.
இங்கிருந்து நாலு மைலில் பிறந்தவன்.
பிறப்பைப் பதிய வேண்டியவர்
அன்று எந்தக் கள்ளுக்கடையில் இருந்தாரோ,
இன்றுவரை இவன் அட்டை சிவப்பு.
மஞ்சள் ஜெர்சியின் முதுகில் எண் இல்லை, வியர்வைதான்.
ஆனால் "நம்ம பசங்க" என்று அவன் சொல்லும்போது
அந்த "நம்ம"வை
யாரும் நிறுத்துப் பார்த்ததில்லை.

இரண்டாம் ஆட்டம் ஒன்பது மணிக்கு.
எடை காட்டும் பெட்டியில் என் போனைச் சாய்த்து வைத்தேன்.
அறுபத்தோராம் நிமிடம் அவர்கள் ஒன்று போட்டார்கள்.
ரசீதின் பின்பக்கம் எழுதினேன்:
அங்கே ஒன்று, இங்கே ஒன்று,
கழித்தால் சைபர்.
இத்தனை வருடத்தில்
எந்த லாரிக்கும் எனக்கு சைபர் வந்ததில்லை.

கூடுதல் நேரம்.
டிரைவர்கள் இறங்கி வந்து
கண்ணாடியில் நெற்றியை ஒட்டிக்கொண்டார்கள்.
மூச்சுப்பட்டு மங்கியதைத் துடைக்கக்கூட யாருக்கும் கை வரவில்லை.
வெளியே சீனக் கோயில் வளைவு வரை வரிசை;
ஒவ்வொரு லாரியிலும் பத்து டன் பழம்.
காத்திருந்தால் எண்ணெயில் புளிப்பு ஏறும்,
ஆலைக்கு விலை இறங்கும்.
ஏறட்டும்.

பெனால்டி.
நாலு, நாலு.
நம் ஐந்தாவது பையனுக்கு இருபது வயதிருக்கும்,
பந்தை வைத்தான், மறுபடி எடுத்துத் திருப்பி வைத்தான்.
"அதைத் தொடாதடா" என்றான் கேசவமூர்த்தி மெதுவாக.
கம்பத்தில் பட்டு,
யாருக்கும் வேண்டாத பொருளைப் போல
அது ஓரமாய் உருண்டு போனது.
அடுத்தது அவர்கள் முறை. அதைப் பார்க்காமலே
எனக்குக் கணக்குத் தெரிந்துவிட்டது.

வரிசையின் கடைசியில் யாரோ ஹார்ன் அடித்தான்.
அவனுக்குப் பந்தும் தெரியாது, ஒன்றும் தெரியாது,
வீடு மட்டும் தெரியும்.

"அடுத்து எப்ப?"
"நாலு வருசம்."
"நாலுதானா," என்று சிரித்தான் கேசவமூர்த்தி.
"என் மனுவுக்குப் பதினொண்ணு முடிஞ்சுருச்சு."
துண்டால் பிடரியைத் துடைத்துக்கொண்டு
அவன் லாரியில் தொற்றி ஏற,
அது பாலத்தில் ஏறியது.
பதினான்காயிரத்து அறுநூற்று நாற்பது கிலோ,
அவனையும் சேர்த்து.

காலையில் என்சிக் ஸுல் பேரேட்டைத் திருப்பினார்.
பதினொன்று இருபதிலிருந்து ஐம்பத்திரண்டு வரை
ஒரு லாரிகூட நிறுக்கப்படவில்லை, ஏன்?
கேட்ட குரல் கரகரவென்று கட்டிப் போயிருந்தது.

குறிப்புக் கட்டத்தில் எழுதினேன்:
பாலம் பழுது.

வாசித்தார். கொஞ்ச நேரம் பேனாவைத் தேடினார்,
சட்டைப்பையிலேயே இருந்தது அது.
கையெழுத்துப் போட்டார்.