முதுகு

ராயக்கோட்டை ரோட்டில் டயர் கடைக்கு மேல்மாடி.
இருபத்திரண்டு வருஷமாக
ஞாயிறுதோறும் மூன்று கட்டம்.
முதல் கட்டத்தில் லாரி நிற்கும்.
இரண்டாவதில் டிரைவர் கத்துவார்.
மூன்றாவதில் கிளீனர் பொன்னுரங்கம்
ஏதாவது சொல்வான்.
அவ்வளவுதான் என் தொழில்.

நான்கு விரல்தான் அவனுக்கு.
அஞ்சாவது எங்கே என்று பர்கூரிலிருந்து ஒருவர்
போஸ்ட்கார்டு போட்டார்.
பட்டறையில் போயிற்று என்று பதில் எழுதினேன்.
மை மிச்சம் என்பதுதான் நிஜம்.

கட்டம் மட்டும் சோறு போடாது.
மாங்கூழ் ஆலைக்கு டப்பா லேபிள்.
இலை ஒன்றா இரண்டா என்று முதலாளி
மூன்று மாதம் யோசித்தார்.
தொப்பூர் இறக்கத்தில்
'நியூட்ரலில் இறங்காதே' பலகை:
பொன்னுரங்கமே கையை நீட்டிக்கொண்டு நின்றான்.
போன ஐப்பசியில் ஒரு சிமெண்டு லாரி
அவன் மேலேயே ஏறிவிட்டது.
திரும்ப வரைய அதே கூலி கொடுத்தார்கள்.
சென்னைப் படம் ஒன்றுக்குச் சண்டைக்காட்சி,
நானூறு சட்டகம், எல்லாம் மழையில்.
எடுத்தது வெயிலில்.
பெயர் ஓடும் இடத்தில் என் இன்ஷியல் தப்பு.

இப்போது ஓசூரில் ஒரு கம்பெனி
அவனைச் செல்போனில் நடக்கவிடப் போகிறதாம்.
பழையபேட்டை ஷாஹீன்
கம்ப்யூட்டரில் அவன் மூக்கைப் பிடித்துத் திருப்புகிறாள்.
பாதி சுற்றில் நிறுத்தி,
"அண்ணா, பின்னாடி எப்படி இருப்பாரு?"

பின்னாடி வெறும் சாம்பல்.
ஆயிரத்துச் சொச்சம் ஞாயிறு,
ஒரு தடவைகூட அவன் முதுகை வரைந்ததில்லை.
"வரலாம் வரலாம் வரலாம்" என்று
ஊர் லாரிகளின் பின்பக்கத்தை எல்லாம்
தட்டித் தட்டிப் பார்த்துக்கொண்டவன்.

நாளைக்குத் தரேன் என்றேன்.

திரும்பும் வழியில் டோல்கேட் தாண்டி இறங்கிக்கொண்டேன்.
ஓரங்கட்டிய லாரியில் ஒரு பையன்
ஏறி நின்று கண்ணாடி துடைத்தான்.
பனியனில் வலது தோளுக்குக் கீழே
தார்ப்பாய்க் கயிறு இழுத்த கருப்புக் கோடு.
நடுவில் வியர்வை காய்ந்து உப்புப் பூத்து
வரி வரியாய், கோடையில்
கே.ஆர்.பி. அணை இறங்கிய கரை மாதிரி.
பின்பாக்கெட்டில் சீப்பு.
சீப்பு!
எனக்குத் தோன்றியிருக்கவே இருக்காது.

வரைந்து முடிப்பதற்குள் திரும்பிவிட்டான்.
"என்ன சார்?"

நோட்டை நீட்டினேன்.
ஈரக் கையைக் கால்சட்டையில் துடைத்துவிட்டு
வாங்கிப் பார்த்தான், ரொம்ப நேரம்.
அப்புறம் கேட்டான்:
"முன்னாடி வரையலையா?"